தண்டனை முடிந்த மறுநாள்: கூடுதல் சிறைநாட்களுக்கு யார் பொறுப்பு?

ஒருவருக்கு நீதிமன்றம் ஆறு மாதச் சிறைத்தண்டனை விதிக்கிறது. ஆறு மாதம் முடிகிறது. ஆனால், சிறைக்கதவு திறக்கவில்லை. நீதிமன்றக் கட்டளையின் பிரதி வந்து சேரவில்லை, கணக்குப் பார்க்கும் அதிகாரி விடுமுறையில் இருக்கிறார், வேறு வழக்கொன்று இருக்கிறதா என்று பார்க்க வேண்டும் என்று ஏதோ ஒரு காரணம் சொல்லப்படுகிறது. ஒரு வாரம் கழித்தோ, ஒரு மாதம் கழித்தோ அவர் வீட்டுக்கு அனுப்பப்படுகிறார். வீட்டுக்கு வந்த சந்தோஷத்தில் அந்த நாட்களைப் பற்றி யாரும் பேசுவதில்லை. “எப்படியோ வந்துட்டான்” என்பதோடு விடயம் முடிந்துவிடுகிறது.

அந்த நாட்கள் யாருடையவை? அவற்றுக்கு யார் பதில் சொல்ல வேண்டும்? நட்டஈடு கேட்க முடியுமா? இந்தக் கேள்விகளைத்தான் இந்தக் கட்டுரை எடுத்துக்கொள்கிறது. பூண்டுலோயா போன்ற தோட்டப்புற ஊர்களில் இருந்து சிறைக்குப் போகிறவர்களில் பலர் பெரிய குற்றங்களுக்காகப் போவதில்லை. கட்ட முடியாத தண்டப்பணத்துக்காகப் போகிறார்கள், பிணையாளி கிடைக்காமல் போகிறார்கள். போரின் பெயரால் கைது செய்யப்பட்டு, ஆண்டுக்கணக்கில் இருந்துவிட்டு வந்த மலையக இளைஞர்களும் இருக்கிறார்கள். வடக்கு, கிழக்கில் இதே அனுபவம் எத்தனையோ வீடுகளில் இருக்கிறது. எல்லோருக்கும் பொதுவான விடயம் ஒன்றுதான்: தண்டனை எந்த நாளில் முடிகிறது என்பது அவர்கள் கையில் உள்ள எந்தக் காகிதத்திலும் எழுதப்பட்டிருப்பதில்லை.

அடிப்படை விதி

சிறைச்சாலைக்கு ஒருவரை அடைத்துவைக்கும் அதிகாரம் சொந்தமாகக் கிடையாது. நீதிமன்றம் ஒப்பமிட்டு அனுப்பும் கட்டளைதான் அந்த அதிகாரத்தைக் கொடுக்கிறது. கட்டளையில் சொல்லப்பட்ட காலம் முடிந்ததும் அந்த அதிகாரமும் முடிந்துவிடுகிறது. அதற்குப் பிறகு சிறைச்சாலை அத்தியட்சகர் ஒருவரை உள்ளே வைத்திருப்பதும், தெருவில் போகும் யாரோ ஒருவர் இன்னொருவரை அறைக்குள் பூட்டிவைப்பதும் சட்டத்தின் பார்வையில் அடிப்படையில் ஒன்றுதான்.

இலங்கை அரசியலமைப்பின் 13ஆம் உறுப்புரை இதை இரண்டு இடங்களில் சொல்கிறது. 13(2): கைது செய்யப்பட்டவரை நீதிபதியின் கட்டளைப்படியும் சட்டத்தால் தாபிக்கப்பட்ட நடைமுறைப்படியுமே தடுத்துவைக்கலாம். 13(4): தகுதிவாய்ந்த நீதிமன்றத்தின் கட்டளையின்றி எவருக்கும் மரண தண்டனையோ சிறைத்தண்டனையோ விதிக்க முடியாது. ஆறு மாதம் என்று நீதிமன்றம் சொன்ன இடத்தில் ஏழாவது மாதத்தை விதித்தது யார்? நீதிபதி அல்ல. சிறைச்சாலை அலுவலகத்தில் யாரோ ஒரு எழுதுவினைஞர், அல்லது யாருமே இல்லை. நீதிமன்றம் விதிக்காத தண்டனையை நிருவாகம் நிறைவேற்றியிருக்கிறது என்பதே இதன் பொருள்.

இலங்கை 1980இல் இணைந்துகொண்ட குடியியல் மற்றும் அரசியல் உரிமைகள் தொடர்பான சர்வதேச உடன்படிக்கை இன்னும் தெளிவாகப் பேசுகிறது. சட்டவிரோதமாகத் தடுத்துவைக்கப்பட்ட எவருக்கும் நட்டஈடு பெறும் உரிமை உண்டு என்கிறது அதன் 9(5)ஆம் உறுப்புரை. அங்கே நட்டஈடு உரிமையாகச் சொல்லப்படுகிறது. சலுகையாக அல்ல.

14 வருடம் கூடுதலாக இருந்த மனிதர்

இந்த விடயத்தில் தெற்காசியா முழுவதும் மேற்கோள் காட்டப்படும் வழக்கு, இந்தியாவின் பீகார் மாநிலத்தைச் சேர்ந்த ருதுல் ஷாவின் வழக்கு. முசாபர்பூர் நீதிமன்றம் 1968 ஜூன் 3ஆம் திகதி அவரைக் குற்றமற்றவர் என்று விடுவித்தது. ஆனால், அவர் சிறையில் இருந்து வெளியே வந்தது 1982 ஒக்டோபர் 16ஆம் திகதி. இடையில் 14 வருடங்களுக்கு மேல் கழிந்திருந்தது. அவருக்கு மனநலப் பாதிப்பு இருந்ததாக மாநில அரசு விளக்கம் சொன்னது. அதற்கு ஒழுங்கான மருத்துவப் பதிவு எதையும் அரசினால் காட்ட முடியவில்லை.

1983 ஓகஸ்ட் 1ஆம் திகதி, பிரதம நீதியரசர் வை. வி. சந்திரசூட் தலைமையிலான இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஏற்கனவே கொடுக்கப்பட்ட 5,000 ரூபாவுடன் மேலும் 30,000 இந்திய ரூபாவை இடைக்கால நட்டஈடாக மாநில அரசு கொடுக்க வேண்டும் என்று கட்டளையிட்டது. தொகை சிறியதுதான். ஆனால், இந்தத் தீர்ப்பு ஒரு கதவைத் திறந்தது. அதுவரை, அடிப்படை உரிமை மனுவில் நீதிமன்றம் “விடுதலை செய்” என்று சொல்லலாம், பணம் வேண்டுமென்றால் சிவில் நீதிமன்றத்துக்குப் போய் ஆண்டுக்கணக்கில் வழக்காட வேண்டும் என்பதே வழமையாக இருந்தது. விடுதலைக் கட்டளையோடு மட்டும் நின்றுவிட்டால் வாழும் உரிமை வெறும் சொல்லாகிவிடும் என்ற நிலைப்பாட்டை உச்ச நீதிமன்றம் எடுத்தது. பின்னர் தனியாக சிவில் வழக்குத் தொடரும் உரிமையையும் அது ருதுல் ஷாவுக்கு விட்டுவைத்தது.

1993இல் நிலாபதி பெஹேரா வழக்கில் அதே நீதிமன்றம் இன்னொரு படி முன்னே போனது. ஒடிசாவில் பொலிஸ் காவலில் மகனை இழந்த தாய் தொடுத்த வழக்கு அது. அரசு தன் ஊழியர்களின் செயலுக்குப் பொறுப்பில்லை என்ற பழைய ‘இறைமை விலக்கு’ வாதம், அடிப்படை உரிமை மீறல் வழக்குகளில் செல்லாது என்று நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

இவை பழைய கதைகள் என்று நினைக்க வேண்டாம். சத்தீஸ்கரில் ஒருவரின் 12 வருடத் தண்டனையை மாநில மேல் நீதிமன்றம் 2018இல் 7 வருடமாகக் குறைத்தது. அவர் இருந்தது 10 வருடத்துக்கும் மேல். 2022இல் உச்ச நீதிமன்றம் அவருக்கு ஏழரை இலட்சம் இந்திய ரூபா நட்டஈடு வழங்கச் சொன்னது. மத்தியப் பிரதேசத்தில் இன்னொருவரின் ஆயுள் தண்டனை 2017இல் 7 வருடமாகக் குறைக்கப்பட்டது. அவர் 2025 ஜூனில்தான் விடுவிக்கப்பட்டார். பிணையில் இருந்த காலத்தைக் கழித்த பிறகும் கூடுதலாக நான்கரை வருடத்துக்கு மேல் சிறையில் இருந்திருந்தார். 2025 செப்டெம்பரில் அவருக்கு 25 இலட்சம் ரூபா கொடுக்க உத்தரவிடப்பட்டது.

இந்த இருவரும் குற்றவாளிகளாகக் காணப்பட்டவர்கள். குற்றம் சிறியதும் அல்ல. ஆனாலும், நீதிமன்றம் அவர்கள் செய்த குற்றத்தை அந்தக் கணக்கில் சேர்க்கவில்லை. குற்றத்துக்கான தண்டனையை அவர்கள் அனுபவித்து முடித்துவிட்டார்கள். அதற்கு மேல் இருந்த ஒவ்வொரு நாளும் அரசின் கணக்கில் சேர்ந்தது.

“நல்லெண்ணத்தில்தான் வைத்திருந்தோம்”

அதிகாரிகள் வழமையாகச் சொல்லும் பதில், “வேண்டுமென்று செய்யவில்லை” என்பது. இதற்கு இங்கிலாந்தின் பிரபுக்கள் சபை 2000ஆம் ஆண்டு பதில் சொல்லியிருக்கிறது. எவன்ஸ் என்ற பெண் கைதியின் விடுதலைத் திகதியை சிறை ஆளுநர் அன்று நடைமுறையில் இருந்த நீதிமன்ற விளக்கத்தின்படியே கணக்கிட்டார். பின்னர் அந்த விளக்கமே பிழை என்று நீதிமன்றம் தீர்மானித்தது. சரியான கணக்கின்படி பார்த்தால் அவர் 59 நாட்கள் கூடுதலாக இருந்திருக்கிறார்.

ஆளுநர் மீது எந்தக் குறையும் சொல்ல முடியாது, நீதிமன்றம் சொன்னதைத்தான் அவர் செய்தார். இருந்தாலும் 5,000 பவுண் நட்டஈடு உறுதிசெய்யப்பட்டது. காரணம் எளிமையானது. ஒருவரின் சுதந்திரத்தைப் பறிக்கச் சட்டபூர்வ அதிகாரம் இருந்ததா இல்லையா என்பதே கேள்வி. பறித்தவரின் மனதில் என்ன இருந்தது என்பது கேள்வி அல்ல.

இது ஏழை நாடுகளின் பிரச்சினையும் அல்ல. அமெரிக்காவின் லூசியானா மாநிலம் பற்றி அந்நாட்டு நீதித் திணைக்களம் 2023 ஜனவரியில் அறிக்கை வெளியிட்டது. 2022 ஜனவரி முதல் ஏப்ரல் வரை அந்த மாநிலச் சிறைகளில் இருந்து விடுவிக்கப்பட்டவர்களில் 26.8 வீதமானோர், அதாவது நான்கில் ஒருவருக்கு மேல், விடுதலைத் திகதி கடந்த பிறகே வெளியே வந்திருந்தார்கள். அங்கே கண்டறியப்பட்ட காரணங்கள் நமக்கும் பழக்கமானவைதான்: காகிதங்கள் நீதிமன்றத்தில் இருந்து சிறைக்குப் போகும் தாமதம், கையால் போடும் கணக்கு, பிழை தெரிந்தும் திருத்தாமை.

நம் ஊரில் நாட்கள் எப்படிக் கூடுகின்றன?

இலங்கையின் சிறைகளில் அவற்றின் கொள்ளளவைப் போல இரண்டு மடங்குக்கும் அதிகமானோர் இருக்கிறார்கள். மனித உரிமைகள் ஆணைக்குழு 20 சிறைகளில் நடத்தி 2020இல் வெளியிட்ட ஆய்வு, உள்ளே இருப்பவர்களின் நிலையை விரிவாகப் பதிவுசெய்தது. இந்த நெருக்கடிக்குள் ஒவ்வொருவரின் தண்டனைக் கணக்கும் காகிதக் கோப்புகளிலேயே தங்கியிருக்கிறது. நாட்கள் கூடும் வழிகள் சில:

முதலாவது, தண்டப்பணம். ஒவ்வொரு வருடமும் தண்டனை பெற்றுச் சிறைக்குள் வருபவர்களில் பெரும்பாலானோர் தண்டம் கட்ட முடியாமல் வருபவர்கள். கசிப்பு, சிறு திருட்டு, வாய்த்தகராறு போன்ற வழக்குகளே பல. இங்கே ஒரு விடயத்தைத் தெரிந்திருக்க வேண்டும். தண்டத்துக்குப் பதிலான சிறை, தண்டம் கட்டிய நிமிடமே முடிகிறது. ஒரு பகுதி கட்டினால் அதற்கேற்ற அளவு சிறைக்காலம் குறையும். ஒரு கணக்குக்காக, 30,000 ரூபா தண்டம், கட்டாவிட்டால் 6 மாதம் என்று வைத்துக்கொள்வோம். இரண்டு மாதம் இருந்துவிட்டால் மூன்றில் ஒரு பங்கு கழிந்துவிடும். மீதி 20,000 ரூபாவைக் கட்டினால் அவர் வெளியே வர வேண்டும். முழுத் தொகையையும் கொண்டுவந்தால்தான் விடுவோம் என்று யாராவது சொன்னால் அது கேள்விக்குரியது. தோட்டத்தில் பலர் வட்டிக்குக் கடன் வாங்கி முழுத் தொகையையும் கொண்டுபோய்க் கட்டுவதற்கு இந்த விதி தெரியாததே காரணம்.

இரண்டாவது, ஒன்றுக்கு மேற்பட்ட தண்டனைகள். இரண்டு குற்றச்சாட்டுகளுக்கு ஒவ்வொரு வருடம் என்றால், அவை ஏககாலத்தில் ஓடுமா, ஒன்றன்பின் ஒன்றாக ஓடுமா என்பது கட்டளையில் எழுதப்பட்டிருக்க வேண்டும். ஒரே ஒரு சொல் தெளிவில்லாமல் போனால் ஒரு வருடம் இரண்டு வருடமாகிவிடும்.

மூன்றாவது, மேன்முறையீடு. தண்டனை தீர்ப்பு நாளில் இருந்தே ஓடியதாகக் கொள்ள வேண்டும் என்று மேன்முறையீட்டு நீதிமன்றம் பல தீர்ப்புகளில் கட்டளையிடுகிறது. தண்டனையைக் குறைத்தும் விடுகிறது. அந்தத் தீர்ப்பு கொழும்பில் இருந்து சிறைக்குப் போய், கோப்பில் ஏறி, கணக்கு மாற்றப்பட வேண்டும். இந்தியாவின் இரண்டு அண்மைய வழக்குகளிலும் கோளாறு நடந்தது தண்டனை குறைக்கப்பட்ட பிறகுதான்.

நான்காவது, விளக்கமறியல் நாட்கள். தீர்ப்புக்கு முன் இருந்த காலம் தண்டனையில் இருந்து தானாகக் கழிக்கப்படுவதில்லை. அதை நீதிபதி கருத்தில் எடுக்க வேண்டும், எடுக்கும்படி சட்டத்தரணி கேட்க வேண்டும். சட்டத்தரணி இல்லாதவருக்காக யார் கேட்பது?

ஐந்தாவது, மொழி. நீதிமன்றத்தில் பயன்படுத்தப்படும் மொழி தெரியாத தரப்பினருக்கு, அரசின் செலவில் சிங்களத்திலோ தமிழிலோ மொழிபெயர்ப்பு கிடைக்க வேண்டும், வழக்கேட்டின் பகுதியையும் அந்த மொழியில் பெறலாம் என்று அரசியலமைப்பின் 24(3)ஆம் உறுப்புரை சொல்கிறது. தனக்கு என்ன தண்டனை விதிக்கப்பட்டது என்று தன் மொழியில் வாசிக்க முடியாதவர், அது எப்போது முடிகிறது என்று எப்படிக் கேட்பார்?

அரசை எப்படிப் பொறுப்பாக்குவது?

இலங்கையில் பிழையான சிறைவைப்புக்கு நட்டஈடு வழங்குவதற்கென்றே தனியான சட்டம் எதுவும் இல்லை. ஆனால், மூன்று வழிகள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் வெவ்வேறு வேலையைச் செய்கிறது.

முதல் வழி ஆட்கொணர்வு மனு. ஆள் இன்னும் உள்ளே இருக்கும்போது உதவுவது இதுதான். “எந்த அதிகாரத்தில் வைத்திருக்கிறீர்கள் என்று காட்டுங்கள்” என்று நீதிமன்றம் சிறை அதிகாரியைக் கேட்கும். இதற்குக் கொழும்புக்கே போக வேண்டும் என்று பலர் நினைக்கிறார்கள். அரசியலமைப்பின் 141ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரம் இருப்பது உண்மைதான். ஆனால், 13ஆவது திருத்தத்தின் பின்னர், மாகாணத்துக்குள் சட்டவிரோதமாகத் தடுத்துவைக்கப்பட்டவர்கள் விடயத்தில் மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் 154P உறுப்புரையின் கீழ் அதே அதிகாரம் உண்டு. மத்திய மாகாணச் சிறையில் இருப்பவருக்காக மத்திய மாகாணத்திலேயே மனு போடலாம்.

இந்த மனுவுக்கும் மலைநாட்டுக்கும் பழைய உறவு இருக்கிறது. 1937இல் மடுல்கலை ரெலுகஸ் தோட்டத்தில் வேலை பார்த்த பிரேஸ்கேடில் என்ற அவுஸ்திரேலிய இளைஞர், தோட்டத் தொழிலாளர்களின் பக்கம் நின்று நாவலப்பிட்டிக் கூட்டத்தில் பேசினார். ஆளுநர் அவரை நாடு கடத்த உத்தரவிட்டார், அவர் கைது செய்யப்பட்டார். ஆட்கொணர்வு மனுவை விசாரித்த பிரதம நீதியரசர் சிட்னி ஏப்ரகாம்ஸ் தலைமையிலான உயர் நீதிமன்றம், ஆளுநரின் உத்தரவுக்குச் சட்ட அடிப்படை இல்லை என்று அவரை விடுவித்தது. ஆளுநராக இருந்தாலும் சட்டத்தைக் காட்டாமல் ஒரு மனிதனை ஒரு நாள்கூட வைத்திருக்க முடியாது என்பது அன்று பதியப்பட்ட விதி. அதுவே இன்றைய சிறை அத்தியட்சகருக்கும் பொருந்தும்.

இரண்டாவது வழி அடிப்படை உரிமை மீறல் மனு. 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய வேண்டும். நட்டஈடு கொடுக்கும்படி அரசுக்கும், தனிப்பட்ட அதிகாரிக்கும் நீதிமன்றம் கட்டளையிடலாம். உயிர்த்த ஞாயிறு தாக்குதல் வழக்கில் 2023 ஜனவரியில் முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன தன் சொந்தப் பணத்தில் 10 கோடி ரூபா செலுத்த வேண்டும் என்று இதே அதிகாரத்தின் கீழ்தான் தீர்ப்பளிக்கப்பட்டது.

இந்த மனுவின் பெரிய பொறி ஒரு மாத எல்லை. உரிமை மீறப்பட்டு ஒரு மாதத்துக்குள் மனு போட வேண்டும். சிறைக்குள் இருப்பவருக்கு இது எப்படிச் சாத்தியம்? 1989ஆம் ஆண்டின் சட்ட அறிக்கையில் வெளியான நமசிவாயம் எதிர் குணவர்தன வழக்கில் பிரதம நீதியரசர் சர்வானந்தா இதற்கு விடை சொன்னார். பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தவரைப் பொலிஸார் இறக்கி விசாரணைக்கு அழைத்துச் சென்ற வழக்கு அது. தடுத்துவைக்கப்பட்டவரைப் பொறுத்தவரை, அவர் எந்தக் கட்டுப்பாட்டுக்கும் உட்படாத நிலைக்கு வந்த பிறகே அந்த ஒரு மாதத்தைக் கணக்கிட வேண்டும் என்றது நீதிமன்றம். இன்னொரு வழியும் இருக்கிறது. அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு இதைச் சொல்கிறது.

ஒரு எல்லையையும் சொல்லியாக வேண்டும். இந்த மனு நிறைவேற்று, நிருவாகச் செயல்களுக்கு எதிரானது. நீதிபதி கொடுத்த தண்டனையே பிழை என்றால் மேன்முறையீடு அல்லது மீளாய்வு மனுதான் வழி. நீதிபதி சரியாகச் சொன்னதைச் சிறைச்சாலை பிழையாக நடைமுறைப்படுத்தினால் அடிப்படை உரிமை மனு பொருந்தும்.

மூன்றாவது வழி மாவட்ட நீதிமன்றத்தில் நட்டஈட்டு வழக்கு. அரச ஊழியர்கள் தம் கடமையின்போது இழைக்கும் தீங்குகளுக்காக அரசுக்கு எதிராக வழக்கிட 1969ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கச் சட்டம் இடம் தருகிறது. சட்டமா அதிபரைப் பிரதிவாதியாகக் குறிப்பிட வேண்டும். வழக்குக்கு ஒரு மாதத்துக்கு முன் அறிவித்தல் அனுப்ப வேண்டும். இரண்டு வருடத்துக்குள் வழக்குத் தாக்கல் செய்யப்பட வேண்டும். ஒரு மாத எல்லையைத் தவறவிட்டவர்களுக்கு இருக்கும் கதவு இது. ஆனால், சிவில் வழக்கு எத்தனை வருடம் இழுபடும் என்பது ஊருக்கே தெரியும்.

கணக்கில் வராத ஆண்டுகள்

இதுவரை சொன்னவை எல்லாம் ‘தண்டனை முடிந்த பிறகு’ பற்றியவை. போரால் பாதிக்கப்பட்ட நம் மக்களில் பலரது கதை அதைவிடச் சிக்கலானது. அவர்களுக்குத் தண்டனையே விதிக்கப்படவில்லை.

பயங்கரவாதத் தடைச் சட்டம் 1979இல் வந்தபோது, அமைச்சரின் கட்டளையில் மும்மூன்று மாதங்களாக 18 மாதம் வரை ஒருவரைத் தடுத்துவைக்க இடம் தந்தது. 2022ஆம் ஆண்டின் திருத்தம் அதை 12 மாதமாகக் குறைத்தது. அதன் பிறகு வழக்கு முடியும்வரை விளக்கமறியல். சாதாரண வழக்குகளில், 1997ஆம் ஆண்டின் பிணைச் சட்டப்படி தீர்ப்பின்றி 12 மாதத்துக்கு மேல் ஒருவரை வைத்திருக்க முடியாது. மேல் நீதிமன்றம் நீடித்தால் இன்னும் 12 மாதம், அவ்வளவுதான். அந்தப் பாதுகாப்பு பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைதானவர்களுக்குக் கிடைக்கவில்லை. பத்து, பன்னிரண்டு வருடம் விளக்கமறியலில் இருந்துவிட்டுக் குற்றமற்றவர் என்று வெளியே வந்தவர்களுக்கு, ஒவ்வொரு பதினான்கு நாளும் ஏதோ ஒரு கட்டளை இருந்தது. ஆகவே அது ‘சட்டப்படி’ நடந்ததாகிவிடுகிறது. விடுதலையாகும் நாளில் அவர்களிடம் யாரும் மன்னிப்புக் கேட்பதில்லை, பணம் கொடுப்பதும் இல்லை.

சிங்கராசா வழக்கு இதன் இன்னொரு முகம். சிங்களத்தில் எழுதப்பட்ட ஒப்புதல் வாக்குமூலத்தின் அடிப்படையில் அவருக்கு 50 வருடத் தண்டனை விதிக்கப்பட்டு, மேன்முறையீட்டில் 35 ஆகக் குறைந்தது. ஐ.நா. மனித உரிமைகள் குழு 2004 ஜூலையில் அவரது உரிமைகள் மீறப்பட்டதாகத் தீர்மானித்து, விடுதலை அல்லது மறுவிசாரணை, நட்டஈடு உள்ளிட்ட பரிகாரம் வழங்கும் கடப்பாடு இலங்கைக்கு உண்டு என்றது. 2006 செப்டெம்பரில் உயர் நீதிமன்றம், அந்தக் குழுவுக்குத் தனிநபர்கள் முறையிட வழிவிட்ட 1997ஆம் ஆண்டு இணைவையே அரசியலமைப்புக்கு முரணானது என்று சொல்லிவிட்டது. ஜெனீவாவில் கிடைத்த தீர்மானம் கொழும்பில் வெறும் காகிதமாயிற்று.

ஆகவே, கோரிக்கை இரண்டாகப் பிரிய வேண்டும். தண்டனைக்கு மேல் இருந்த நாட்களுக்கு ஏற்கனவே சட்டம் இருக்கிறது, அதைப் பயன்படுத்த வேண்டும். குற்றமற்றவர் என்று விடுவிக்கப்பட்டவரின் இழந்த ஆண்டுகளுக்குச் சட்டம் இல்லை, அதை உருவாக்கக் கேட்க வேண்டும். இரண்டையும் ஒன்றாகக் குழப்பினால் முதலாவதும் கைநழுவிப் போகும்.

முன்னே விட்டால் கைது, பின்னே விட்டால்?

2025 வெசாக் பண்டிகையை முன்னிட்டு ஜனாதிபதியின் பொதுமன்னிப்பில் கைதிகள் விடுவிக்கப்பட்டார்கள். அந்தப் பட்டியலில் பெயர் இல்லாத ஒருவர் அநுராதபுரம் சிறையில் இருந்து வெளியே போனது தெரியவந்தது. குற்றப் புலனாய்வுத் திணைக்களம் விசாரணையில் இறங்கியது. சிறை அத்தியட்சகர் கைதானார். ஜூன் மாதத்தில் சிறைச்சாலைகள் ஆணையாளர் நாயகமே கைது செய்யப்பட்டார்.

அது சரியான நடவடிக்கை. நீதிமன்றக் கட்டளையை மீறி ஒருவரை வெளியே விடுவது பாரதூரமானது. ஆனால், அதே நீதிமன்றக் கட்டளையை மீறி ஒருவரை உள்ளே வைத்திருப்பதும் அதே அளவு பாரதூரமானதுதான். முன்னே விட்டால் நாடு முழுவதும் செய்தியாகிறது. பின்னே விட்டால் அது ஒரு தோட்டத்து லயத்தில் ஒரு குடும்பத்துக்கு மட்டும் தெரிந்த விடயமாக முடிகிறது. 2024 செப்டெம்பரில் வர்த்தமானி மூலம் நிர்ணயிக்கப்பட்ட 1,350 ரூபா நாட்கூலியை மட்டும் வைத்துப் பார்த்தாலும், 25 வேலை நாட்களின் இழப்பு 33,750 ரூபா. அந்த வருமானத்தை நம்பி அடகுக் கடையில் வைத்த நகை, பாடசாலைக்குப் போகாமல் நின்ற பிள்ளை ஆகியவற்றின் கணக்கு இதற்கு வெளியே.

குடும்பம் செய்யக்கூடியவை

தீர்ப்பு நாளிலேயே சட்டத்தரணியிடமோ நீதிமன்றப் பதிவாளரிடமோ தண்டனைக் கட்டளையின் பிரதியைக் கேளுங்கள். தமிழில் வேண்டும் என்று கேட்பது உங்கள் உரிமை. எத்தனை மாதம், எந்த நாளில் இருந்து, ஏககாலமா, தண்டம் எவ்வளவு, கட்டாவிட்டால் எவ்வளவு காலம் என்ற ஐந்து விடயங்களையும் ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள்.

சிறையில் பார்க்கப் போகும்போது, விடுதலைத் திகதி என்னவென்று நலன்புரி அதிகாரியிடம் கேளுங்கள். ஐ.நா.வின் மண்டேலா விதிகள் ஒவ்வொரு கைதிக்கும் ஒழுங்கான தனிக் கோப்பு இருக்க வேண்டும் என்கின்றன. ஆகவே, இது கேட்கக்கூடாத கேள்வி அல்ல. இந்தக் கேள்வியை விடுதலைக்குச் சில மாதங்கள் இருக்கும்போதே கேட்பது நல்லது.

பதில் கிடைக்காவிட்டால் எழுத்தில் கேளுங்கள். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பலரும் கவனிக்காத ஒரு வரி உண்டு. கேட்கப்படும் தகவல் ஒரு பிரஜையின் உயிர் அல்லது தனிமனித சுதந்திரம் பற்றியதாக இருந்தால், 48 மணித்தியாலத்துக்குள் பதில் தர வேண்டும். சிறையில் இருப்பவரின் விடுதலைத் திகதி சுதந்திரம் பற்றிய தகவல் இல்லையென்றால் வேறு எது?

திகதி கடந்துவிட்டால் காத்திருக்க வேண்டாம். மனித உரிமைகள் ஆணைக்குழுவின் 1996 என்ற இலக்கத்துக்கு அழைத்துச் சொல்லுங்கள், அதன் கண்டி பிராந்திய அலுவலகத்தில் எழுத்திலும் முறையிடுங்கள். முறைப்பாட்டு இலக்கத்தையும் திகதியையும் பத்திரமாக வையுங்கள், பின்னர் ஒரு மாத எல்லையைக் காப்பாற்றப் போவது அந்தக் காகிதம்தான். வசதியற்றவர்களுக்காகச் சட்ட உதவி ஆணைக்குழு வழக்கு நடத்தும். வசதியில்லாத ஒருவர் எழுதும் கடிதத்தையே மனுவாக எடுத்துக்கொள்ள உயர் நீதிமன்ற விதிகள் இடம் தருகின்றன என்பதையும் நினைவில் வையுங்கள்.

வெளியே வந்த பிறகு, விடுதலைச் சான்றைத் தொலைக்க வேண்டாம். நட்டஈடு கேட்பதற்கு வேண்டியது இரண்டு காகிதங்கள்: வெளியே வந்திருக்க வேண்டிய நாளைக் காட்டுவது ஒன்று, உண்மையில் வந்த நாளைக் காட்டுவது மற்றது. இரண்டுக்கும் இடையிலுள்ள ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் சொல்ல வேண்டியது அரசு. நிரூபிக்கும் சுமையைக் கைதியின் தலையில் ஏற்ற முடியாது, ஏனென்றால் கதவின் சாவி அவர் கையில் இருக்கவில்லை.

தோட்டக் கமிட்டிகளும் தொழிற்சங்கங்களும் சம்பளம், வீடு, காணி பற்றிப் பேசுகின்றன. அவற்றோடு, தங்கள் தோட்டத்தில் இருந்து சிறையில் இருப்பவர்கள் யார், அவர்களின் விடுதலைத் திகதி என்ன என்ற ஒரு சிறு பட்டியலை வைத்திருப்பது கடினமான வேலை அல்ல. வடக்கு, கிழக்கில் கைதிகளின் குடும்பங்கள் தெருவில் நின்று பெயர்களையும் ஆண்டுகளையும் நினைவுபடுத்திக்கொண்டே இருந்ததால்தான் அந்தக் கோப்புகள் முற்றாக மறக்கப்படாமல் இருந்தன. மலையகத்தில் சிறிய வழக்குகளுக்காக உள்ளே போனவர்களின் நாட்களை எண்ணுவதற்கும் வெளியே யாராவது இருக்க வேண்டும்.